பனிமலைப் பாதையும் பனியால் வாழ்ந்த ஊரும்

(எமது சங்கத்தின் மாதாந்தக் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



இன்றைய பேச்சின் பொருளைத் தலைவர் அறிவித்தபோது முன்வரிசையில் இருந்த இளைஞர் சிலர் முகத்தில் ஒரு முறுவல் அரும்பியதைக் கண்டேன். பனிச்சறுக்கு! விசிறியைக் கீழே வைக்க மனமில்லாமல் இருக்கும் இந்த வெக்கையில், பனிச்சறுக்கைப் பற்றிப் பேச ஒருவன் எழுந்து நிற்கிறானே என்று நினைத்திருப்பார்கள். அவர்கள் நினைத்ததில் தவறில்லை. நானும் அந்த விளையாட்டை ஆடியவன் அல்லன். காலிலே பலகையைக் கட்டிக்கொண்டு மலைச்சரிவிலே பாயும் வயதும் எனக்குக் கடந்துவிட்டது. ஆனால் நான் பேச வந்தது விளையாட்டைப் பற்றி மட்டுமன்று. ஒரு மலை, அந்த மலையைக் குடைந்து சென்ற ஒரு புகையிரதப் பாதை, அந்தப் பாதையின் ஓரத்தில் எழுந்த ஒரு சின்னஞ்சிறிய ஊர் ஆகிய மூன்றையும் பற்றியதே என் பேச்சு. ஒரே இடத்துப் பனி ஒரு காலத்தில் மனிதரைக் கொன்றது. ஒரு காலத்தில் அதை வாரிக் கொட்டுவதே பலருக்குப் பிழைப்பாயிற்று. பின்னொரு காலத்தில் செல்வர்கள் பணம் கொடுத்துத் தேடி வரும் இன்பமாயிற்று. இந்த மாற்றத்தின் கணக்கில் யார் பெயர் எழுதப்பட்டது, யார் பெயர் விடுபட்டது என்பதையே சொல்ல விரும்புகிறேன்.

அந்த மலை அமெரிக்காவிலே, கலிபோர்ணியா மாநிலத்தின் கிழக்கெல்லையிலே இருக்கும் சியரா நெவாடா மலைத்தொடர். அதனைக் கடக்கும் கணவாய்க்கு டொனர் கணவாய் என்று பெயர். அதன் உயரம் கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 7,056 அடி. நமது மலைநாட்டுப் பாதையில் மிக உயரத்திலுள்ள பட்டிப்பொல நிலையத்தைப் பார்த்தவர்கள் இங்கே பலர் இருப்பீர்கள். அது 6,226 அடி. அங்கே விடியற்காலையில் கம்பளி தேடுகிறோம். அதனிலும் ஓர் எண்ணூறு அடி உயரம் என்று எண்ணிக்கொள்ளுங்கள். உயரத்தில் வித்தியாசம் பெரிதன்று. ஆனால் பனியை எடுத்துக்கொண்டால், அங்கே சராசரியாக ஓராண்டில் 30 அடிக்கு மேல் விழுகிறது. பசிபிக் சமுத்திரத்திலிருந்து நீர்சுமந்து வரும் மேகமெல்லாம் அந்த மலையில் மோதி, தன் சுமையை அங்கேயே இறக்கிவைத்துவிட்டுப் போகிறது. 1951, 52ஆம் ஆண்டு மாரியில் 812 அங்குலம் விழுந்ததென்று அங்குள்ள பனி ஆய்வுகூடம் கணக்கிட்டிருக்கிறது. அதாவது, நமது கோயிற் கோபுரமொன்று கழுத்தளவு மூழ்கக்கூடிய பனி.

டொனர் என்ற பெயர் வந்த கதை துயரமானது. 1846ஆம் ஆண்டிலே, மேற்கே போய்க் குடியேறலாம் என்று மாட்டு வண்டிகளிலே புறப்பட்ட குடும்பங்கள் சில, குறுக்கு வழியென்று யாரோ சொன்னதை நம்பிக் காலத்தை இழந்து, பனிக்காலம் தொடங்கியபின் இந்த மலையடிவாரத்துக்கு வந்து சேர்ந்தன. வழி அடைபட்டுப்போயிற்று. அந்தக் கூட்டத்தைச் சேர்ந்த 87 பேரில் 48 பேரே உயிர் தப்பினர். பசியினாலே அவர்கள் எதை உண்ண நேர்ந்தது என்பதைச் சிறுவர் இருக்கும் இச்சபையில் நான் விரித்துச் சொல்லப் போவதில்லை. குழுவின் தலைவரான டொனரின் பெயர் ஏரிக்கும் கணவாய்க்கும் நிலைத்துவிட்டது.

இப்படிப்பட்ட மலையில் புகையிரதம் விடலாம் என்று சொன்ன மனிதர் தியடோர் யூடா என்ற பொறியியலாளர். அவரைப் பைத்தியக்காரர் என்று பலரும் ஏளனம் செய்தார்கள். அவர் மலையை அளந்து, வழியைக் கண்டு, படத்தையும் எழுதிக்கொண்டு முதல் தேடி அலைந்தார். சக்ராமென்டோ நகரத்துக் கடைக்காரர் நால்வர் அவருக்குப் பணம் கொடுக்க முன்வந்தனர். இரும்புச் சாமான் விற்ற இருவர், துணி விற்ற ஒருவர், பலசரக்கு விற்ற ஒருவர். ஹன்டிங்டன், ஹொப்கின்ஸ், கிறொக்கர், ஸ்டான்போர்ட் என்பன அவர்கள் பெயர்கள். கடை வைத்திருப்போரைச் சிறியவராக எண்ணக்கூடாது, பாருங்கள். 1862இல் ஜனாதிபதி லிங்கன் சட்டத்தில் ஒப்பமிட்டார். 1863 ஜனவரியில் சக்ராமென்டோவில் முதல் மண் வெட்டப்பட்டது. ஆனால் யூடா தமது பாதையைப் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை. பங்காளிகளோடு மனம் வேறுபட்டு, வேறு முதலாளிகளைத் தேடிப் பனாமா வழியாக நியூயோர்க் நகரம் சென்றவர், வழியிலே மஞ்சட்காய்ச்சல் கண்டு அந்த ஆண்டு நவம்பரிலேயே இறந்துபோனார்.

இனித்தான் கதையின் நடுப்பகுதி. வேலைக்கு ஆள் கிடைக்கவில்லை. வந்த வெள்ளையர் பலர் கொஞ்ச நாள் நின்று, செலவுக்குப் பணம் சேர்ந்ததும் தங்கச் சுரங்கத்துக்கோ வெள்ளிச் சுரங்கத்துக்கோ போய்விடுவார்கள். அப்போது கிறொக்கர், சீனரை அமர்த்திப் பார்ப்போம் என்றார். மேற்பார்வையாளரான ஸ்ட்ரோபிரிட்ஜ் என்பவர், இந்த மெலிந்த உடம்புகளைக் கொண்டு மலையைப் பிளக்க முடியுமா என்று மறுத்தார். பெருஞ்சுவரைக் கட்டிய சாதி அல்லவா என்று கிறொக்கர் திருப்பிக் கேட்டதாகச் சொல்வார்கள். 1865இல் ஐம்பது பேரை எடுத்துச் சோதித்தார்கள். பின்பு நூறு, ஆயிரம், பதினாயிரம் என்று தொகை ஏறியது. வேலையாட்களிலே பத்தில் ஒன்பது பங்கினர் சீனராயினர். பெரும்பாலோர் தென்சீனத்தின் குவாங்டுங் மாகாணத்திலிருந்து, ஊரிலே பசியும் கலகமும் தாங்காமல் கடல் கடந்து வந்தவர்கள்.

அவர்கள் கூலியைக் கேளுங்கள். தொடக்கத்தில் மாதம் 30 டொலர் அளவில். அதிலேதான் தங்கள் சாப்பாட்டையும் பார்த்துக்கொள்ள வேண்டும். வெள்ளைத் தொழிலாளிக்கு 35 டொலரும், அதன்மேல் சாப்பாடும் கிடைத்தன. சீனர் தங்கள் சமையற்காரரைத் தாமே வைத்துக்கொண்டனர்; அரிசி, உலர்ந்த மீன், காய்கறி, தேயிலை எல்லாம் வருவித்தனர். நாள்முழுதும் கொதிக்கவைத்த நீரிலே தேநீர் ஊற்றிக் குடித்தபடியால், ஓடை நீரைக் குடித்த மற்றவர்களைவிட அவர்களுக்கு வயிற்று நோய் குறைந்திருந்தது. நமது பெரியவர்கள் இதைக் கேட்டு மகிழ்வார்கள் என்று நினைக்கிறேன்.

அந்த மலையில் மொத்தம் 15 சுரங்கப்பாதைகள் குடைய வேண்டியிருந்தது. மலையுச்சியின் அடியிலே செல்வது ஆறாம் இலக்கச் சுரங்கப்பாதை. அதன் நீளம் 1,659 அடி. இன்று இயந்திரங்களைக் கொண்டு குடைபவர்களுக்கு இது பெரிதன்று. ஆனால் அங்கே இருந்தது கடினமான கருங்கற் பாறை. கையில் இருந்தவை உளியும் சம்மட்டியும் வெடிமருந்தும். ஒருவர் உளியைப் பிடித்துத் திருப்ப, இருவர் மாறி மாறிச் சம்மட்டியால் அடிப்பர். துளை ஆழமானதும் மருந்திட்டு வெடிக்கவைத்து, உடைந்த கல்லை வாருவர். இரவும் பகலும் இப்படி வேலை செய்தும், ஒரு முகப்பில் ஒரு நாளைக்கு முன்னேறியது ஏறக்குறைய ஓர் அடி! ஆகவே இரண்டு பக்கத்திலிருந்தும் குடைந்தது போதாதென்று, உச்சியிலிருந்து கிணறு வெட்டுவதுபோல நடுவிலே ஒரு துளையை இறக்கி, அதன் அடியிலிருந்து இருபுறமும் குடைந்தார்கள். நான்கு முகப்புகளில் ஒரே சமயத்தில் வேலை. 1867இன் தொடக்கத்திலிருந்து நைத்திரோகிளிசரின் என்னும் கொடிய வெடிமருந்தை அந்த இடத்திலேயே காய்ச்சிப் பயன்படுத்தினர். அதன் பின்பு வேகம் ஏறக்குறைய இரட்டித்தது. ஆபத்தும் அதற்கேற்ப உயர்ந்தது.

1866, 67ஆம் ஆண்டுப் பனிக்காலம் மிகக் கொடியது. 44 புயல்கள் வீசியதாக அங்கே வேலைசெய்த பொறியியலாளர் ஒருவர் குறித்து வைத்திருக்கிறார். தொழிலாளரின் குடில்கள் பனிக்குள் புதைந்துபோயின. குடிலிலிருந்து சுரங்கப்பாதையின் வாய்க்குப் போகப் பனிக்குள்ளேயே ஐம்பது அடி முதல் இருநூறு அடி வரை வழி குடைந்துகொண்டு, எலி வளைக்குள் போவதுபோலப் போய் வந்தார்கள். வீட்டிலிருந்து வேலைக்குப் பனியின் கீழே நடந்து, பாறையின் கீழே உழைத்து, மறுபடியும் பனியின் கீழே நடந்து வந்து உறங்கியவன், சூரியனைக் கண்ட நாட்கள் எத்தனை இருக்கும்? மலைச்சரிவிலிருந்து பனி பெயர்ந்து விழுந்து குடிலோடு ஆட்களை மூடிய சம்பவங்களும் நடந்தன. வசந்தகாலத்தில் பனி கரைந்த பிறகே சில உடல்கள் கிடைத்தன. எத்தனை பேர் இறந்தார்கள்? கம்பனி கணக்கு வைக்கவில்லை. வாங்கிய ஆணிக்கும் வெடிமருந்துக்கும் கணக்கு இருக்கிறது.

1867 யூன் மாதக் கடைசியில் சீனத் தொழிலாளர் மூவாயிரம் பேருக்குக் குறையாமல் ஒரே நாளில் சம்மட்டியைக் கீழே வைத்தனர். மாதம் 40 டொலர் வேண்டும். வேலை நேரத்தைக் குறைக்க வேண்டும். சுரங்கத்துக்குள்ளே இருப்பவருக்கு எட்டு மணி நேரம் போதும் என்பவை அவர்கள் கோரிக்கை. அடிதடி இல்லை, கூச்சல் இல்லை. குடில்களில் அமைதியாக இருந்தார்கள். கிறொக்கர் என்ன செய்தார்? மலைமேலே உணவு செல்வதை நிறுத்தினார். பசிக்கு முன்னால் ஒரு வாரந்தான் தாக்குப்பிடிக்க முடிந்தது. பழைய சம்பளத்துக்கே திரும்பினர். வேலைநிறுத்தம் தோற்றது என்று சரித்திரம் எழுதும். என் மனத்துக்கு அது முழுத் தோல்வியாகப் படவில்லை. அயல்நாட்டிலே, மொழி தெரியாத இடத்திலே, மைல்கணக்கில் சிதறிக் கிடந்த குடில்களுக்கிடையே ஒரே நாளில் அத்தனை பேரும் ஒருமனப்பட்டார்கள் என்பது சிறிய காரியமா?

அந்த ஆண்டு ஆகஸ்டில் சுரங்கத்தின் முகப்புகள் ஒன்றோடொன்று சந்தித்தன. நவம்பர் முடிவில் முதல் வண்டி அதனூடாகச் சென்றது. கண்டிக்குப் புகையிரதம் முதன்முதல் ஏறியதும் அந்த 1867ஆம் ஆண்டிலேதான் என்பதை இங்கே போகிறபோக்கில் நினைவூட்டுகிறேன். கிழக்கேயிருந்து வந்த பாதையும் மேற்கேயிருந்து வந்த பாதையும் 1869 மே 10ஆம் திகதி யூட்டா என்னும் பிரதேசத்திலே இணைந்தன. தங்க ஆணி அடித்தார்கள், படம் பிடித்தார்கள். அன்றைய பேர்போன படத்திலே சீனர் முகத்தைத் தேடிக் களைத்தவர் பலர்.

மறு ஆண்டு நடந்த ஒன்று. சீனர் வழக்கப்படி, அந்நிய மண்ணிலே இறந்தவனுடைய எலும்பு பிறந்த ஊருக்குப் போய்ச் சேரவேண்டும். இல்லாவிட்டால் பிள்ளைகள் அவனுக்குச் செய்யவேண்டிய கடன் நிறைவேறாது. ஆகையால் அவர்களுடைய சங்கங்கள் ஆட்களை அனுப்பிப் பாதையோரமெங்கும் புதைகுழிகளைத் தோண்டி எலும்புகளை எடுத்தன. 1870 யூனில் சக்ராமென்டோப் பத்திரிகை ஒன்று, ஏறக்குறைய 1,200 பேருடைய எலும்புகள், 20,000 இறாத்தல் எடை, புகையிரதத்தில் ஏற்றப்பட்டுச் சென்றதாக எழுதியது. அந்தியேட்டியும் திவசமும் அறிந்த நமக்கு இதன் பொருளை விளக்க வேண்டியதில்லை. தாம் போட்ட பாதையிலேயே அவர்கள் கடைசிப் பிரயாணம் போனார்கள்.

இனி ஊருக்கு வருகிறேன். பாதை திறந்தாயிற்று, பனி ஓயவில்லை. இயந்திரங்களின் முன்னே கலப்பை கட்டித் தள்ளினார்கள், போதவில்லை. கடைசியிலே பாதைக்கே கூரை போட்டுவிட்டார்கள்! மலையுச்சியின் இருபுறமும் மொத்தம் 37 மைல் அளவுக்கு மரத்தாலான கூடாரம். காடு காடாக மரம் வெட்டி, இருபது இலட்சம் டொலருக்கு மேல் செலவழித்துக் கட்டினார்கள். மலையழகைப் பார்க்கலாமென்று வந்த பிரயாணிகள், மணிக்கணக்காகக் கொட்டிலுக்குள் போவதுபோல இருக்கிறதே என்று முறையிட்டார்கள். மரக்கூரைக்குக் கீழே நெருப்புத் துப்பும் இயந்திரம் போனால் என்ன ஆகும்? கோடைகாலத்தில் கூரை பற்றி எரியும். அதற்கென்று தண்ணீர் நிரப்பிய தீயணைக்கும் வண்டிகள் எப்பொழுதும் நீராவியோடு ஆயத்தமாக நிற்கும். எதிரே ஒரு மலையுச்சியில் காவற்காரன் தொலைநோக்கியோடு இருந்து, புகையைக் கண்டதும் அறிவிப்பான். மாரியிலே பனியோடு போர், கோடையிலே நெருப்போடு போர்.

இந்தப் போருக்காக உண்டான ஊர்தான் நோர்டன். ஊர் என்று சொன்னதும் தெருவும் சந்தையும் நினைக்கவேண்டாம். அந்த ஊரின் பெரும்பகுதி கூரைக்குள்ளேயே இருந்தது. புகையிரத நிலையம், தந்தி அலுவலகம், சாப்பாட்டுச் சாலை, வேலையாட்கள் தங்கும் இடம் எல்லாம் கூடாரத்தோடு ஒட்டியிருந்தன. மலையேறும் வண்டியைப் பின்னாலிருந்து தள்ளிவந்த துணை இயந்திரங்கள் அங்கே கழற்றப்பட்டு, திரும்பிக் கீழே போகும். அவற்றைத் திருப்பும் வட்டமேடைக்குக்கூடக் கூரை இருந்தது. பனிக்காலத்தில் வீட்டிலிருந்து வேலைக்குப் போகிறவன் மூடிய வழியாலே நடந்து போவான். முன்பு சீனர் பனிக்குள் குடைந்த வளை, இப்பொழுது பலகையால் அடைத்த வழியாயிற்று. கூரைக்குள் அடைபட்ட புகை, நீண்ட சுரங்கத்துக்குள்ளே சாரதியை மூச்சுத் திணறச் செய்தது. ஆகையால் 1910 முதல் தெற்குப் பசிபிக் கம்பனி ஒரு விந்தையான இயந்திரத்தை ஓட்டியது. சாரதி இருக்கும் அறை முன்னாலும் புகைபோக்கி பின்னாலும் இருக்கும். எண்ணெயால் எரியும் இயந்திரமாகையால் இது சாத்தியமாயிற்று. நிலக்கரியானால் பின்னாலிருந்து முன்னாலே எப்படி வாரிப் போடுவது? அந்த இயந்திரங்களில் ஒன்று, 4294ஆம் இலக்கம், சக்ராமென்டோ நகரத்துப் புகையிரத நூதனசாலையில் இன்றும் நிற்கிறது.

1925இல் பழைய சுரங்கத்துக்குத் தெற்கே, மலையடியில் 10,326 அடி நீளமான புதிய சுரங்கம் திறக்கப்பட்டது. அந்த மலைக்கு யூடாவின் பெயரை இட்டிருக்கிறார்கள்.

பனிச்சறுக்கு எப்போது வந்தது என்று இளைஞர்கள் பொறுமையிழந்து பார்க்கிறீர்கள். உண்மையில் அது புகையிரதத்துக்கு முன்பே வந்துவிட்டது. தங்கம் தேடி வந்தவர்களோடு நோர்வே நாட்டவரும் வந்தார்கள். தங்கள் ஊர் வழக்கப்படி நீண்ட பலகைகளைச் செதுக்கிக் காலிற் கட்டிக்கொண்டார்கள். அவர்களுள் ஜோன் தொம்சன் என்றொருவர் இருந்தார். டொனர் கணவாய்க்குத் தெற்கே, 1856 முதல் இருபது பனிக்காலங்கள் தபால் மூட்டையை முதுகிற் சுமந்து, ஏறக்குறைய 90 மைல் மலைவழியைப் பலகையிலே கடந்தார். போக மூன்று நாள், வர இரண்டு நாள். கம்பளிப் போர்வைகூட எடுத்துச் செல்லமாட்டார், பாரம் என்று! சம்பளம் தருமாறு அரசாங்கத்தைக் கேட்டு வாஷிங்டன் வரை போனார். பாராட்டுக் கிடைத்தது; பணம் கிடைக்கவில்லை. அவர் காலத்தில் அந்தப் பலகை விளையாட்டுப் பொருளன்று, காலின் நீட்சி.

அதை விளையாட்டாக்கிக் காசாக்கலாம் என்று கண்டவர்களுள் ஒருவர் கணவாயின் கிழக்கே உள்ள டிரக்கி நகரத்தவர், சார்ல்ஸ் மக்கிளாஷன். அந்த மனிதரை என்னவென்று சொல்வதென்றே எனக்குத் தெரியவில்லை. டொனர் கூட்டத்தில் உயிர் தப்பியவர்களைத் தேடிக் கண்டு, கண்ணீர் வரும்படியாக 1879இல் அவர்களுடைய வரலாற்றை எழுதியவர் அவர். 1890களில் டிரக்கியில் பனிக்கட்டியால் மாளிகை எழுப்பி, மாரிக்கால விழா எடுத்து, புகையிரதத்தில் ஆட்களை வருவித்தவரும் அவரே. இவை இரண்டுக்கும் நடுவே, 1886இல், டிரக்கியில் வாழ்ந்த சீனருக்கு ஒருவரும் வேலை கொடுக்கக்கூடாது, அவர்களிடம் ஒன்றும் வாங்கக்கூடாது என்று பகிஷ்காரம் நடத்தி, அவர்களை ஊரைவிட்டே போகச்செய்த இயக்கத்தின் தலைவரும் அவரே. சுரங்கம் குடைந்து முடிந்து இருபது ஆண்டும் ஆகவில்லை. 1882இலேயே சீனத் தொழிலாளர் அமெரிக்காவுக்கு வருவதைத் தடுக்கும் சட்டமும் வந்துவிட்டது. அது நீங்கியது 1943இல். புத்தகம் எழுதிய கையும் பகிஷ்காரம் செய்த கையும் ஒரே உடம்பில் இருந்தன.

1930களில் சன் பிரான்சிஸ்கோ நகரத்திலிருந்து பனிப் புகையிரதம் என்றே வண்டிகள் விடப்பட்டன. 1934இல் மலையேறும் சங்கம் ஒன்று நோர்டனில் தன் அங்கத்தவர்களின் கைவேலையாலேயே ஒரு விடுதியைக் கட்டியது; அது இன்னமும் இருக்கிறது. பிறகு வந்தவர் ஹனஸ் ஷ்ரோல் என்னும் ஒஸ்திரிய வீரர். 1935இல் அமெரிக்கச் சம்பியன் போட்டியிலே, மலைச்சரிவில் கூவிக்கொண்டே பாய்ந்து வந்து முதலிடம் பெற்றவர். அவர் நோர்டனுக்கு அருகே ஒரு பள்ளத்தாக்கைக் கண்டு, பணக்காரர் சிலரைச் சேர்த்து, சுகர் போல், அதாவது சர்க்கரைக் கிண்ணம், என்ற விளையாட்டிடத்தை 1939 டிசம்பரில் திறந்தார். பங்கு போட்டவர்களில் மிக்கி எலியைப் படைத்த வால்ட் டிஸ்னியும் ஒருவர். அங்கிருந்த ஒரு சிகரத்துக்கு டிஸ்னி மலை என்று பெயர் சூட்டினார்கள். 1941இல் அவருடைய நிறுவனம் எடுத்த கேலிச்சித்திரப் படமொன்றிலே அந்த விடுதி வருகிறது.

மேலே ஏறுவதற்கு நாற்காலி தொங்கும் கம்பி அமைத்தார்கள். கலிபோர்ணியாவில் அதுவே முதலாவது. உலகத்தில் முதலாவது, 1936இல் ஐடகோ மாநிலத்தில் இன்னொரு புகையிரதக் கம்பனி அமைத்தது. அதன் சூத்திரம் எங்கிருந்து வந்தது தெரியுமா? வாழைக்குலைகளைக் கொக்கியில் மாட்டிக் கப்பலில் ஏற்றும் கம்பியை முன்பு அமைத்த பொறியியலாளர், குலை தொங்கிய இடத்தில் ஆளைத் தொங்கவிட்டால் என்ன என்று சிந்தித்தார். அவ்வளவுதான்! பனிச்சறுக்குக்கும் நமக்கும் தொடர்பில்லை என்று சிரித்தவர்கள், வாழைக்குலையை மறந்துவிட வேண்டாம்.

விருந்தினர் நோர்டன் நிலையத்தில், அந்த மரக்கூரைக்குள்ளே இறங்குவார்கள். இயந்திரம் இழுக்கும் சறுக்கு வண்டி அவர்களை விடுதிக்கு ஏற்றிச் செல்லும். ஒரு பக்கத்திலே மண்வாரியோடு பாதையைத் துப்புரவாக்கும் கூலியாள். அதே கூரைக்குக் கீழே வர்ண உடை அணிந்த சீமாட்டி. பனி இன்னும் விழட்டும் என்று அவள் ஆசைப்படுவாள். நிற்கட்டும் என்று இவன் வேண்டுவான்.

பனி யாருக்கும் கட்டுப்பட்டதல்ல என்பதை 1952இல் எல்லோரும் கண்டார்கள். அந்த ஆண்டு ஜனவரி 13ஆம் திகதி, சன் பிரான்சிஸ்கோ நகரம் என்ற பெயருடைய ஆடம்பர வண்டி, கணவாயைத் தாண்டி மேற்கே சில மைல் வந்ததும் பனியில் புதைந்து நின்றுவிட்டது. உள்ளே 226 பேர். வெப்பம் போயிற்று, வெளிச்சம் போயிற்று, உணவு குறைந்தது. மூன்று நாட்களின் பின்பே நெடுஞ்சாலையைத் திறந்து அவர்களை வெளியே கொண்டுவந்தார்கள். பிரயாணிகள் எல்லோரும் பிழைத்தனர். அவர்களை மீட்கப் போன பனிக்கலப்பை இயந்திரத்தின் சாரதி ஒருவர், சரிந்த பனியில் அகப்பட்டு மாண்டார்.

அதன்பின் நோர்டன் மெல்ல மெல்ல ஒடுங்கியது. டீசல் இயந்திரம் வந்ததும் துணை இயந்திரங்களைத் திருப்ப வேண்டிய வேலை இல்லை. மரக்கூரை போய், தேவையான சில இடங்களில் மட்டும் கொங்கிறீட்டுக் கூரை வந்தது. 1964இல் புதிய நெடுஞ்சாலை திறந்தபின் விளையாட வருபவர்கள் காரிலேயே வரலாயினர். புகையிரதத்துக்காக உண்டான ஊர் பனிச்சறுக்காலே பெயர் தப்பிப் பிழைத்தது. 1993இல் பழைய ஆறாம் சுரங்கத்தின் தண்டவாளங்களையும் கழற்றிவிட்டார்கள். வண்டிகள் இப்போது புதிய சுரங்கத்தாலேதான் ஓடுகின்றன. 2022, 23ஆம் ஆண்டு மாரியில் 754 அங்குலம் பனி பெய்தபோது, பழைய காலத்துப் புயல்களை நினைத்துப் பார்க்கும்படியாயிற்று.

பெயர்களைப் பற்றி ஒன்று சொல்லி முடிக்கிறேன். அங்கே டொனர் பெயரில் சிகரம் உண்டு. யூடா பெயரில் உண்டு. லிங்கன் பெயரில் உண்டு. டிஸ்னி பெயரிலும் உண்டு. ஏழாம், எட்டாம் சுரங்கங்களுக்கு நடுவே ஒரு பள்ளத்தை அடைத்து, சாந்து சிறிதும் இல்லாமல் கல்லோடு கல் பொருத்தி எழுப்பிய மதிலொன்று இருக்கிறது. அதைச் சீனமதில் என்கிறார்கள். கட்டியவன் ஒருவன் பெயர்கூட இல்லை. சம்பளப் பதிவேட்டிலேயே பெரும்பாலும் கங்காணியின் பெயரை மட்டும் எழுதி, இத்தனை ஆட்கள் என்று குறித்தார்கள். 1969இல் நூற்றாண்டு விழாவில் பேசிய அமெரிக்க மந்திரி ஒருவர், இத்தகைய பாதையை அமெரிக்கர் தவிர வேறு யார் அமைக்க முடியும் என்று பெருமைப்பட்டார். சட்டப்படி அமெரிக்கராக முடியாதிருந்தவர்களின் பேரப்பிள்ளைகள் அங்கே கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

பலசரக்குக் கடைக்காரராகத் தொடங்கி, கலிபோர்ணியா ஆளுநராகவும் ஆகி, பதவியேற்றபோது சீனர் வருகையைத் தடுக்கவேண்டும் என்று பேசிய ஸ்டான்போர்ட், பிற்காலத்தில் தம் பணத்தைக் கொண்டு ஒரு பல்கலைக்கழகம் நிறுவினார். அந்தப் பல்கலைக்கழகத்து அறிஞர்கள்தாம் 2012 முதல் சீனத் தொழிலாளருடைய சந்ததியாரைத் தேடி, கதைகளைத் திரட்டத் தொடங்கினார்கள். 2014இல் அமெரிக்கத் தொழிற் திணைக்களம் அவர்களைத் தனது கௌரவ மண்டபத்தில் சேர்த்தது. அத்தனை தேடியும், ஊருக்கு அவர்கள் எழுதிய ஒரு கடிதமாவது அறிஞர்கள் கையிற் கிடைக்கவில்லை. ஆயிரக்கணக்கானோர் எழுதியிருப்பார்கள், அம்மாவுக்கு, மனைவிக்கு, பணம் அனுப்பியிருக்கிறேன் என்று. சீனத்தில் நடந்த போர்களிலும் கலவரங்களிலும் எரிந்தனவோ, இங்கே தீயில் எரிந்தனவோ, போயின.

தண்டவாளம் கழற்றப்பட்டபின் அந்தப் பழைய சுரங்கத்துக்குள்ளே பலர் நடந்து போய்ப் பார்த்திருக்கிறார்கள். கைவிளக்கைச் சுவரில் அடித்துப் பார்த்தால், பாறையிலே விரல் தடிப்பான உளித்துளைகள் பாதிப் பாதியாகப் பிளந்து நிற்பது தெரியும். நடுவிலே மேலே பார்த்தால், உச்சியிலிருந்து இறக்கிய அந்தக் கிணற்றின் வாய் இருக்கும். மறுபுறம் வெளியே வந்தால், எதிரே டொனர் ஏரி தெரியும்.